எட்டுக்குச் சற்று மேல்

போன மாதம் கொழும்பிலிருந்து ஷாமினி தொலைபேசியில் அழைத்தாள். நான் ஓய்வுபெறும்வரை வேலை செய்த ஆய்வுகூடத்தை இப்போது அவள்தான் நடத்துகிறாள். அங்கிருந்த பழைய உறைபெட்டியை அகற்றப்போகிறார்களாம்.

"மேடம், அடித்தட்டில உங்கட ஊவா ஆய்வுக் குழாய்கள் கொஞ்சம் இன்னும் இருக்கு. என்ன செய்ய?"

"முறைப்படி எரிச்சிருங்க," என்றேன். இத்தனை வருடம் உறைந்து கிடந்த இரத்தத்தில் இனி நம்பி அளக்க எதுவும் இருக்காது.

"அப்படியே இன்னொரு விஷயம் மேடம். புதுசா சேர்ந்த பிள்ளைகளுக்கு உங்கட அனுபவத்தை எழுதித் தாங்களேன். நீங்க கண்டுபிடிச்சதைப் பற்றி."

சரி என்று சொல்லிவிட்டேன். பிறகு யோசித்துப் பார்த்தால், கண்டுபிடித்தது என்று சொல்ல என்னிடம் அதிகம் இல்லை. எழுதிய ஆய்வுக் கட்டுரைகளில் பாதியைப் பின்னால் வந்தவர்கள் திருத்திவிட்டார்கள். அதில் எனக்கு வருத்தமில்லை. விஞ்ஞானம் அப்படித்தான் நகரும். வருத்தம் வேறொன்று. மடுல்சீமைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டமொன்றில் கொழுந்து பறித்த யோகேஸ்வரி என்ற பெண்ணைப் பற்றியது அது. அதைத்தான் எழுதுகிறேன். பிள்ளைகளுக்கு இது உதவுமா என்று தெரியவில்லை.

நான் பதுளைக்காரி. கடைவீதியில் அப்பாவுக்குப் புடவைக்கடை இருந்தது. சம்பளம் போட்ட வாரக்கடைசியில் தோட்டத்து ஆட்கள் பஸ் பஸ்ஸாக வந்து இறங்குவார்கள். நான் மேசைக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்து, பெண்கள் சேலையை விரலால் தடவிப் பார்ப்பதையும், விலை கேட்டுவிட்டு மெதுவாக மடித்து வைப்பதையும் பார்த்து வளர்ந்தேன். அவர்களோடு எனக்கிருந்த பழக்கம் அவ்வளவுதான். தோட்டத்து ஆட்கள் வரிசையாகக் குடியிருக்கும் லயத்து வாசலில் நான் முதன்முதலாகக் கால் வைத்தபோது முப்பது தாண்டியிருந்தது. கையில் ஊசியும் குழாய்களும் இருந்தன. இடையில் கொழும்பில் பட்டப்படிப்பு, புலமைப்பரிசிலில் வெளிநாட்டில் கலாநிதிப் பட்டம், குளிர், தனிமை, திரும்பி வந்து வேலை. அதையெல்லாம் விரித்துச் சொல்ல ஒன்றுமில்லை.

நான் படித்தது உயிரிரசாயனவியல். அதிலும் நுண்போசணைகள்: உடம்புக்கு மிகச் சிறிய அளவில் தேவைப்படுகிற விற்றமின்கள், இரும்பு, நாகம் என்கிற துத்தநாகம் போன்றவை. இரும்புக் கம்பி காற்றில் துருப்பிடிப்பதுபோல உடம்பின் கலங்களிலும், அதாவது செல்களிலும், ஓயாமல் ஒரு சிதைவு நடந்துகொண்டிருக்கிறது. அதைத் தடுத்து நிறுத்துகிறவற்றை ஒட்சியேற்ற எதிரிகள் என்போம். விற்றமின் சீயும் ஈயும் அந்த வகை. நான் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் உலகம் முழுக்க அவற்றின் மேல் பெரும் நம்பிக்கை இருந்தது. இதயநோய், புற்றுநோய், மூப்பு எல்லாவற்றையும் ஒரு மாத்திரையில் தள்ளிப்போடலாம் என்று பேசினார்கள். நானும் நம்பினேன். நம்பாமல் அந்த வேலையை அவ்வளவு ஆசையோடு செய்திருக்க முடியாது.

எங்கள் ஆய்வுகூடத் தலைவர் யாழ்ப்பாணத்துக்காரர். எல்லோருக்கும் அவர் 'சேர்'தான். ஒல்லியான மனிதர், வெள்ளைக் கோட்டின் பொத்தான்களை மேலிருந்து கீழ்வரை பூட்டியிருப்பார். குரலை உயர்த்தி நான் கேட்டதில்லை. காலையில் வந்தவுடன் முதலில் கண்ணாடிக் குழாய்கள் கழுவுகிற தொட்டிக்குப் போவார். ஒரு குழாயை எடுத்து யன்னல் வெளிச்சத்தில் பிடிப்பார். உட்சுவரில் நீர் ஒரே படலமாக வழிந்தால் வைத்துவிட்டுப் போவார். எங்காவது துளியாக ஒட்டி நின்றால் போதும், அந்தத் தட்டு முழுவதையும் என் பக்கம் தள்ளுவார்.

"பிள்ளை, இதிலை இன்னும் கொழுப்பு இருக்கு. திருப்பிக் கழுவும்."

அவ்வளவுதான் சொல்வார். நாங்கள் மறுபடியும் அமிலத்தில் ஊறவைத்து, காய்ச்சி வடித்த நீரில் அலசி எடுக்க வேண்டும். ஒரு முடிவு அவருக்கு விசித்திரமாகப் பட்டாலும் இதே வார்த்தைதான்: "திருப்பிச் செய்யும்." ஒரே அளவீட்டை மூன்று முறை செய்து, மூன்றும் ஒத்துவந்தால் மட்டுமே அதை எண்ணென்று ஒப்புக்கொள்வார். கையெழுத்திடும்போது, "இனி இது எங்கடை சொல்," என்பார். அந்த மனிதரிடம் வேலை பழகியதில் எனக்கு இன்றும் பெருமை உண்டு. இனிச் சொல்லப்போவதை அதையும் மனதில் வைத்துப் படியுங்கள்.

பதுளை இருக்கிற ஊவா மாகாணத்துத் தோட்டங்களில் செய்த அந்த ஊவா ஆய்வு சேருடைய யோசனை. தோட்டத்துப் பெண்களுக்கு இரத்தச்சோகை அதிகம். அதற்கு இரும்பு மாத்திரை கொடுப்பது வழக்கம். ஆனால் இரும்பு இரண்டு பக்கமும் கூரான பொருள். தேவைக்கு இருந்தால் இரத்தம் ஊறும். மிஞ்சினால் அதே இரும்பு கலங்களைத் துருவாக அரிக்கும். ஆகவே ஒரு பகுதிப் பெண்களுக்கு இரும்பு மட்டும், இன்னொரு பகுதிக்கு இரும்போடு விற்றமின் சீயும் ஈயும் கொடுத்து, ஒரு வருடம் தொடர்ந்து பார்ப்பது என்று முடிவானது. ஊர்க்காரி என்பதால் களவேலை என் பொறுப்பில் வந்தது.

மடுல்சீமைப் பாதையில் அந்தக் காலத்தில் வாகனம் போனது என்று சொல்வதைவிடக் குலுங்கியது என்று சொல்லலாம். விடிகிற நேரத்தில் பெரட்டுக் களத்தில், வேலைக்குப் பெயர் கொடுக்க ஆட்கள் கூடுகிற இடத்தில், மேசை போட்டு உட்காருவோம். பெண்கள் வெறும் வயிற்றோடு வர வேண்டும். எடுக்கிற இரத்தக் குழாயை அந்த நொடியே ஈயத்தாளில் சுற்ற வேண்டும். இரத்தத்தில் உள்ள விற்றமின் ஏயும் கரட் போன்றவற்றிலிருந்து சேரும் மஞ்சள் நிறமியும் வெளிச்சம் பட்டால் சிதைந்துவிடும். விற்றமின் சீ அதைவிட மோசம். உடம்பை விட்டு வெளியே வந்த கணத்திலிருந்து குறையத் தொடங்கும். அதனால் பக்கத்து டிஸ்பென்சரியில் சுழற்றி இயந்திரத்தை வைத்து, இரத்தத்தின் தெளிந்த நீரைப் பிரித்து, அமிலம் கலந்து, உடனே உறையவைப்போம். அவசரத்தில் ஊசியை இழுத்தால் இரத்தத்தின் சிவப்பணுக்களான செங்கலங்கள் உடைந்து நீர் இளஞ்சிவப்பாகிவிடும். அந்தக் குழாயை வீசத்தான் வேண்டும். ஒரு பெண்ணிடம் இரண்டாவது தரம் கை நீட்டச் சொல்வது எனக்குக் கூச்சமாக இருக்கும். அதனால் பொறுமையாகவே எடுப்பேன். அத்தனையையும் நாங்கள் சரியாகச் செய்தோம். ஒரு குழாய்கூட வெயிலில் கிடந்ததில்லை.

சேர்க்கும் நாளன்று ஈமோகுளோபினை மட்டும் அங்கேயே சிறு கருவியில் பார்ப்போம். எட்டுக்குக் கீழே இருந்தால் ஆய்வில் சேர்க்காமல் பதுளை ஆஸ்பத்திரிக்கு அனுப்ப வேண்டும் என்பது விதி. யோகேஸ்வரிக்கு எட்டுக்குச் சற்று மேலே வந்தது. கருவியில் மின்னிய அந்த எண்ணைப் பார்த்து, "சேர்க்கலாம்," என்று நான்தான் சொன்னேன். விதிப்படி அது சரி. ஒரு மயிரிழை குறைந்திருந்தால் அன்றைக்கே அவள் வைத்தியரின் கைக்குப் போயிருப்பாள். இதை நான் எத்தனையோ தடவை நினைத்துவிட்டேன்.

அவளுக்கு இருபத்தாறு வயது என்றாள். பார்க்க இன்னும் சின்னவளாகத் தெரிந்தாள். கன்னத்து எலும்புகள் தூக்கலாக, சிரித்தால் முகம் முழுக்கச் சிரிக்கிற பெண்.

"டாக்டரம்மா, இந்த மாத்திரையப் போட்டா முழுப்பேரு எடுத்துருவேனுங்களா?"

குறித்த கிலோ கொழுந்து பறித்தால்தான் ஒரு நாளுக்குரிய முழுப்பேர் விழும். குறைந்தால் அரைப்பேர், அரைச்சம்பளம். மலையேறுகையில் மூச்சு வாங்கி நின்று நின்று பறிக்கிற அவளுக்கு மாதத்தில் பாதி நாளும் அரைப்பேர்தான். சோம்பேறி என்று வேலை மேய்க்கிற கங்காணியிலிருந்து மாமியார் வரை எல்லோரும் சொன்னார்களாம்.

"நான் டாக்டர் இல்லம்மா, ஆராய்ச்சி பண்றவ," என்றேன். "மாத்திரைய ஒழுங்காப் போடுங்க. ரத்தம் கூடுனா களைப்புக் கொறையும். எடுத்துரலாம்."

அவள் தலையாட்டிவிட்டுப் போனாள்.

நாலு மாதம் கழித்துப் போனபோது மற்றப் பெண்களுக்கு இரத்தம் ஏறியிருந்தது. சிலர் முகத்திலேயே அது தெரிந்தது. யோகேஸ்வரிக்கு ஏறவில்லை. மாத்திரை விநியோகம் தோட்டத்து டிஸ்பென்சரியின் பொறுப்பு. அங்கிருந்த வயதான உதவியாளரை எல்லோரும் டிஸ்பென்சரி ஐயா என்பார்கள். கடமைக்காரர், தன் தோட்டத்துக் கணக்கு ஒருத்தியால் கெடுவதை அவரால் தாங்க முடியவில்லை.

"பொய் சொல்றா மிஸ். மாத்திரைய வாங்கிக் காட்டுல வீசிட்டு வாறா. இவளுக ஆளு எனக்குத் தெரியாதா?"

"சாமி சத்தியமா முழுங்குறேங்க ஐயா," என்றாள் அவள்.

"முழுங்குனா ஏன்டி ஏறல? ஒனக்கு மட்டும் தனி ஒடம்பா?"

அடுத்த நாளிலிருந்து தன் கண்முன்னால்தான் விழுங்க வேண்டும் என்று உத்தரவு போட்டார். மறுநாள் நான் அங்கே இருக்கும்போதே அது நடந்தது. அவள் மாத்திரையை வாயில் போட்டுத் தண்ணீர் குடித்தாள். அவர் "ஆ காட்டு" என்றார். வாயைத் திறந்து, நாக்கைத் தூக்கி, கன்னத்தை இரண்டு பக்கமும் விரலால் இழுத்துக் காட்டினாள். பின்னால் வரிசையில் நின்ற பெண்கள் சிரித்தார்கள். அவளும் சிரிக்கப் பார்த்தாள்.

எனக்கு அவள் சொன்னது உண்மை என்றுதான் பட்டது. கொழும்புக்குத் திரும்பியதும் சேரிடம் போனேன். இரத்தத்தில் ஃபெரிட்டின் என்று ஒன்று உண்டு. உடம்பு எவ்வளவு இரும்பைச் சேமித்து வைத்திருக்கிறது என்பதை அது சொல்லும். அந்தப் பெண்ணின் குழாய்கள் எங்கள் உறைபெட்டியில் இருந்தன. அதை மட்டும் இப்போதே பார்க்கலாமா என்று கேட்டேன்.

சேர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"எல்லாற்றை குழாயையும் கடைசியிலை ஒரே நாளிலை, ஒரே சோதனைக் கிட்டிலை செய்யிறதெண்டுதானே திட்டம் போட்டனாங்கள்?"

"ஓம் சேர். ஆனா இந்தப் பொண்ணுக்கு மட்டும் ஏறவே இல்ல. மாத்திரை போடுறா. நானே பார்த்தேன்."

"ஒரு ஆளுக்காக இப்ப உடைச்சா, இண்டைக்கு வாற எண்ணும் கடைசியிலை வாற எண்ணும் ஒண்டோடை ஒண்டு ஒத்துவராது. பிறகு முழு ஆய்வையும் ஒருத்தரும் நம்பமாட்டினம். இத்தினை பெண்டுகளிட்டை ரத்தம் எடுத்தது வீணாப் போகும். விளங்குதோ?"

விளங்கியது. அவர் சொன்னது எங்கள் துறையின் அடிப்படை ஒழுங்கு. நானே மாணவர்களுக்கு அதைச் சொல்லிக்கொடுத்திருக்கிறேன். இரண்டு வாரம் கழித்து மறுபடி கேட்டேன். அப்போதும் அதே பதில். இம்முறை கொஞ்சம் களைத்த குரலில்.

அடுத்த முறை நான் மலைக்குப் போனது மழைக்காலம் தொடங்கியபிறகு. யோகேஸ்வரியின் நிறம் மாறியிருந்தது. வெயிலில் கறுத்ததுபோல இல்லை. ஒரு சாம்பல் பூத்த கறுப்பு. இரத்தம் எடுத்து முடித்ததும் அவள் எழுந்து போகவில்லை. டிஸ்பென்சரியின் பின்புறத்தில், சுழற்றி ஓடுகிற சத்தத்தில் யாருக்கும் கேட்காதபடி என் பக்கம் குனிந்தாள்.

"டாக்டரம்மா, ஒங்ககிட்ட ஒன்னு கேக்கணுங்க. எனக்குத் தங்கியிருக்கு போலங்க."

"என்ன சொல்றீங்க?"

"மூனு மாசமா தள்ளிப் போயிருக்குங்க. வயிறும் கனமா இருக்கு. கல்யாணம் கட்டி ஆறு வருசம் ஆகுது, ஒன்னுமே இல்ல. இப்பத்தான். மாமிக்குச் சொல்லிட்டேன். அது கோயிலுக்கு நேந்துக்கிச்சு. என்னைய இப்பத் தண்ணிக்குக்கூடப் போக விடுறதில்லீங்க." சிரித்தாள். அந்த முகம் முழுக்கச் சிரிப்பு. பிறகு என் கையைப் பிடித்துத் தன் வயிற்றில் வைத்தாள். "இங்க பாருங்க, நல்லாத் தெரியும்."

அவள் வைத்த இடம் இடப்பக்க விலா எலும்புக்குக் கீழே. கையில் தட்டுப்பட்டது ஒரு கடினமான விளிம்பு. நான் வைத்தியர் இல்லை. ஆனால் உடம்பில் எது எங்கே இருக்கும் என்று படித்திருக்கிறேன். மூன்று மாதத்தில் கருப்பை அந்த இடத்துக்கு வராது. அது மண்ணீரல். வீங்கி, தொப்புளை நோக்கி இறங்கியிருந்தது.

அதுவரை நாங்கள் அவளிடமிருந்து எத்தனை குழாய் இரத்தம் எடுத்திருப்போம்! எடை பார்த்தோம், உயரம் பார்த்தோம், என்ன சாப்பிட்டாள் என்று கேட்டோம். வயிற்றைத் தொட்டுப் பார்க்க எங்கள் திட்டத்தில் இடம் இருக்கவில்லை. அந்த வீக்கம் நேற்று வந்ததாக இருக்க முடியாது. கொழுந்து பறிக்கையில் கட்டுகிற படங்குச் சாக்கை இடுப்பில் சுற்றிக்கொண்டு, எங்கள் முன்னால் அதோடேயே அவள் நின்றிருக்கிறாள்.

"யோகேஸ், நாளைக்கு என்னோட பதுள ஆஸ்பத்திரிக்கு வாங்க. பெரிய டாக்டர்கிட்ட ஒருக்காக் காட்டிருவோம்," என்றேன்.

அவள் அதை நல்ல செய்தியாக எடுத்துக்கொண்டாள்.

அன்று பின்னேரம் பதுளைக்கு இறங்கி, அப்பாவின் கடையிலிருந்து சேரை அழைத்தேன். கையில் தட்டுப்பட்டதைச் சொன்னேன்.

"வடிவாப் பாத்தனீரோ? இடப்பக்கந்தானோ?"

"ஓம் சேர்."

"சரி. நான் குழாயைக் கரைக்கிறன். நீர் அந்தப் பிள்ளையை ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போம்."

மறுநாள் அவரே கடைக்கு அழைத்தார். தனக்கு உதவிக்கு யாரையும் கூப்பிடாமல், புதிய கிட்டைத் திறந்து தன் கையாலேயே செய்திருக்கிறார்.

"பிள்ளை, மூண்டு தரம் செய்திட்டன். ஃபெரிட்டின் எக்கச்சக்கம். இந்த உடம்பிலை இரும்பு குறையேல்லை. நிரம்பி வழியுது. உடனை மாத்திரையை நிப்பாட்டச் சொல்லும்." பிறகு சொன்னார்: "முதல் நாள் எடுத்த குழாயையும் பாத்தனான். அதிலையும் எக்கச்சக்கந்தான். எங்கடை உறைபெட்டிக்குள்ளையே இருந்திருக்கு."

அந்தக் கடைசி வாக்கியத்தைச் சொன்ன குரல் எனக்குத் தெரிந்த சேருடையது அல்ல.

பதுளை ஆஸ்பத்திரியில் அவளைப் பார்த்த பெண் வைத்தியர் சிங்களத்தில் சொல்லச் சொல்ல நான் தமிழில் சொன்னேன். அது தலசீமியா. பிறக்கும்போதே வருவது, செங்கலங்கள் ஒழுங்காக உருவாகாமல் சீக்கிரம் உடைந்துபோகிற நோய். சிலருக்குக் குழந்தையிலேயே கடுமையாகத் தெரியும். அவளுக்கு மிதமான வகை என்பதால் இழுத்துக்கொண்டு வந்திருக்கிறது. இரத்தம் குறைவதைப் பார்த்து உடம்பு தானாகவே சாப்பாட்டிலிருந்து இரும்பை அள்ளிச் சேர்க்கும். அதற்கு மேல், பள்ளிக்கூடத்தில், கிளினிக்கில், டிஸ்பென்சரியில், கடைசியாக எங்கள் ஆய்வில், அவளுடைய வெளிறிய கண்ணிமையைப் பார்த்தவர்கள் எல்லோரும் இரும்பைத்தான் கொடுத்திருக்கிறார்கள். அது ஈரலிலும் இதயத்திலும் படிந்திருந்தது. மாதவிலக்கு நின்றதும் அதனால்தான்.

இதையெல்லாம் எப்படிச் சொன்னேன் என்று இப்போது நினைவில்லை. அவள் கேட்டது நினைவிருக்கிறது.

"அப்பப் புள்ள இல்லைங்களா?"

"இல்லம்மா."

"வயித்துல இருக்குறது என்னாங்க?"

"மண்ணீரல். நோயினால வீங்கியிருக்கு."

அவள் கட்டிலின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். பக்கத்தில் புருஷன் தியாகு நின்றான். தோட்டத்தில் மருந்தடிக்கிற வேலை பார்க்கிறவன், அதிகம் பேசாதவன்.

"நான் அதுகிட்டப் பேசிக்கிட்டு இருந்தேங்க," என்றாள் அவள். "மலையில தனியா நிக்கிறப்ப எல்லாம் பேசுவேன்."

வைத்தியர், என்ன சொல்கிறாள் என்று என்னைப் பார்த்தார். நான் அதை மொழிபெயர்க்கவில்லை.

தியாகுதான் முதலில் அசைந்தான். "டாக்டரம்மா, அவளுக்கு ரத்தம் வேணும்னா என்னோடத எடுத்துக்கச் சொல்லுங்க," என்றான். பார்த்ததில் இரண்டு பேருக்கும் வகை வேறு. வேறு யாரோ கொடுத்தது இவளுக்குப் போகும், நீ கொடுப்பது வேறு யாருக்காவது போகும் என்று வைத்தியர் சொன்னார். அவன் யோசித்துவிட்டு, "அதுவும் சரிதானுங்க," என்று சட்டைக் கையை மடித்தான்.

செய்தி தோட்டத்துக்குப் போய், மூன்றாம் நாள் டிஸ்பென்சரி ஐயா வார்டுக்கு வந்துவிட்டார். கையில் ஒரு பை தோடம்பழம். அதைக் கட்டிலில் வைத்தார்.

"ஒன்ன ரொம்பப் பேசிட்டேன் தாயி. ஆளுகளுக்கு முன்னால வாயத் தொறக்க வச்சேன்."

"விடுங்க ஐயா. நீங்க தெரிஞ்சா செஞ்சீங்க?" என்றாள் அவள். பிறகு, "அங்க உள்ளவங்ககிட்டச் சொல்லுங்க ஐயா, நான் மாத்திரைய வீசலன்னு."

அவர் மறுநாள் காலை பெரட்டில், கங்காணிகளும் நிற்கும்போது அதை உரக்கச் சொன்னார் என்று பிறகு கேள்விப்பட்டேன்.

ஆய்வு முடிந்தது. கட்டுரை நல்லதொரு சஞ்சிகையில் வந்தது. அதில் யோகேஸ்வரிக்குக் கிடைத்தது ஒரே ஒரு வரி: பரம்பரை இரத்தநோய் காரணமாக ஒருவர் கணக்கெடுப்பிலிருந்து நீக்கப்பட்டார். அந்த வரியை எழுதியது சேர். எழுதிவிட்டு நெடுநேரம் பேனாவை மூடாமல் உட்கார்ந்திருந்தார். அதன்பிறகு அவர் செய்த காரியம் ஒன்றைச் சொல்ல வேண்டும். இரும்பு மாத்திரை கொடுத்தும் இரத்தம் ஏறாதவர்களைத் திட்டாமல், அவர்களுக்குத் தலசீமியாப் பரிசோதனை செய்ய வேண்டும் என்று ஒரு பரிந்துரையைத் தயாரித்து, கூட்டத்துக்குக் கூட்டம் அலைந்தார். எல்லா இடத்திலும் தலையாட்டினார்கள். எங்கும் காசில்லை, ஆளில்லை. ஓய்வுபெற்ற பிறகும் அதற்காகக் கோட்டை மாட்டிக்கொண்டு கொழும்புக்கு வருவார். அது ஒழுங்காக நடைமுறைக்கு வருவதைப் பார்க்காமலே போய்ச் சேர்ந்தார். இன்று அந்தப் பரிசோதனை சுலபமாகிவிட்டது. ஷாமினியின் இயந்திரம் துளி இரத்தத்தில் சொல்லிவிடுகிறது. அது வந்தபோது அவர் இல்லை என்பது எனக்கு ஒரு குறை.

என் ஒட்சியேற்ற எதிரிகளுக்கு என்ன ஆயிற்று என்றும் சொல்லிவிடுகிறேன். பழத்திலும் கீரையிலும் இருக்கும்போது நன்மை செய்கிற அவை, மாத்திரையில் அடைத்துக் கொடுத்தால் நாங்கள் எதிர்பார்த்ததைச் செய்யவில்லை என்று மெல்ல மெல்லத் தெரியவந்தது. சிலருக்குக் கெடுதலும் செய்தன. நான் இளமையைக் கொடுத்த கேள்விக்குப் பெரும்பாலும் 'இல்லை' என்பதே பதில். பிறகு ஆய்வுக்குக் காசு தேயிலையின் பக்கம் திரும்பியது. தேநீரில் உள்ள ஒட்சியேற்ற எதிரிகளைப் பற்றிக் குளிரூட்டிய மண்டபங்களில் பேசினேன். அந்தத் தேயிலையைப் பறிக்கிறவர்களின் இரத்தத்தைப் பற்றிப் பேச வருகிறேன் என்றால் அவ்வளவு சீக்கிரம் இடம் கிடைக்காது. கிடைத்தபோதெல்லாம் பேசினேன். போதவில்லை.

யோகேஸ்வரி மாதாமாதம் மடுல்சீமையிலிருந்து பஸ் ஏறி வந்து இரத்தம் ஏற்றிக்கொண்டாள். சேர்ந்த இரும்பை வெளியேற்ற, வயிற்றுத் தோலில் ஊசியைக் குத்தி, சிறு பம்பொன்றை மணிக்கணக்காகக் கட்டியிருக்க வேண்டும். ஈரம் கசிகிற லயத்துக் காம்பராவில், அந்த ஒற்றை அறைக்குள், அதைச் சுத்தமாகச் செய்வது எவ்வளவு பாடு என்று ஒரு தடவை போய்ப் பார்த்தேன். அவள் செய்தாள். வார்டில் அவளைச் சுற்றி அதே நோயுள்ள சிறு பிள்ளைகள். ஊசி ஏறும்வரை அழாமல் அவர்களைப் பேச்சில் பிடித்து வைப்பது அவள் வேலையாகிவிட்டது. சிங்களப் பிள்ளைகளும் அவளை 'யோகக்கா' என்றுதான் கூப்பிட்டார்கள். ஒரு முறை நான் விடுமுறையில் வந்திருந்தபோது கடைக்கே வந்துவிட்டாள்.

"டாக்டரம்மா, ரத்தம் ஏத்துன வாரம் முழுக்க முழுப்பேரு எடுத்தேங்க! கங்காணி நம்பாமத் தராசத் தட்டிப் பாத்தாரு."

அப்பா அவளுக்குத் தேநீர் வரவழைத்தார். கடை மேசைக்கு அந்தப் பக்கம் நாற்காலி போட்டு உட்கார்ந்து, பெருமையோடு குடித்துவிட்டுப் போனாள். என் வேலைக்காலத்தில் எனக்குக் கிடைத்த பரிசுகளில் அதை ஒன்றாக வைத்திருக்கிறேன்.

ஆனால் இதயத்தில் படிந்த இரும்பு அவ்வளவு சீக்கிரம் வெளியே வருவதில்லை. நாற்பது வயது ஆகும் முன்பே, ஒரு மழைக்காலத்தில், மூச்சுத்திணறி இறந்துபோனாள். நான் கொழும்பில் இருந்தேன். பதுளைக்குப் போகும் வழியில் ஹல்துமுல்லைக்கு இப்பால் மண் சரிந்து பாதை அடைபட்டிருந்தது. அடக்கத்துக்குப் போய்ச் சேர முடியவில்லை.

ஓய்வுபெற்றுப் பதுளைக்கு வந்தபின், சென்ற வருடம், என் இரத்த அழுத்தத்தைக் காட்ட ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தேன். இரத்த வங்கியின் வெளியே வாங்கில் தியாகு உட்கார்ந்திருந்தான். தலை நரைத்துவிட்டது. முழங்கை மடிப்பில் பஞ்சை அழுத்திப் பிடித்திருந்தான். என்னைக் கண்டதும் எழுந்தான்.

"உட்காருங்க தியாகு. யாருக்கு ரத்தம் குடுத்தீங்க? வீட்டுல யாருக்கும் சுகமில்லையா?"

"யாருக்குன்னு தெரியாதுங்க டாக்டரம்மா. அவ போனதுக்கப்புறமும் நாலு மாசத்துக்கு ஒருக்கா வந்து குடுத்துட்டுப் போறதுதான். யாருக்காவது போகும்ல."

அவன் மறுகலியாணம் செய்யவில்லை என்று கேள்விப்பட்டிருந்தேன். நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். மருந்தகத்தின் முன்னால் ஆட்கள் வரிசையில் நின்றார்கள். அவன்தான் பேச்செடுத்தான்.

"ஒன்னு கேக்கலாங்களா? இத்தன நாளாக் கேக்க நெனச்சு ஆளில்லாமப் போச்சு."

"கேளுங்க."

"அம்மா சொல்லுது, அது அவ தலையெழுத்து, யாரு என்ன பண்ணியிருந்தாலும் அவ்வளவுதான் ஆயுசுன்னு. எனக்கு அப்புடித் தோனல. சின்னதுலயே இது இன்ன வியாதின்னு தெரிஞ்சு, அந்த இரும்பு மாத்திரையக் குடுக்காம, ஒழுங்கா வைத்தியம் பாத்திருந்தா, அவ இன்னைக்கி இருந்திருப்பாளாங்க?"

இந்த மாதிரிக் கேள்விக்கு எப்படிப் பதில் சொல்வது என்று எனக்கு நன்றாகத் தெரியும். நிச்சயமாகச் சொல்ல முடியாது, ஒவ்வொரு உடம்பும் வேறு, பல காரணங்கள் இருக்கும். ஆயிரம் பேருக்கு முன்னால் அப்படிப் பதில் சொல்லிப் பழகியவள் நான். ஆனால் அவன் என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"இருந்திருப்பா தியாகு," என்றேன். "இருந்திருப்பான்னுதான் நான் நம்புறேன்."

அவன் தலையை ஆட்டினான். கையிலிருந்த பஞ்சை எடுத்துப் பார்த்தான், இரத்தம் நின்றிருந்தது. சட்டைக் கையை இறக்கிப் பொத்தானைப் பூட்டிக்கொண்டு எழுந்தான்.

"அது போதுங்க," என்றான். "நான் நெனச்சது சரிதான்."

மடுல்சீமை பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று சொல்லிக்கொண்டு போனான். வாசல் வரைக்கும் அவனோடு நடந்தேன். மழை தூறத் தொடங்கியிருந்தது. என்னைத் திரும்பிப் போகச் சொல்லிவிட்டு, தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு, பஸ் நிலையத்தை நோக்கி இறக்கத்தில் வேகமாக இறங்கினான்.